லண்டனிலிருந்து ஒரே நாளில் பாரிஸ்: வழிகாட்டியோடு ரயிலில் போய்வருவது எங்களுக்குச் சரிப்படுமா?

குன்னூர்ச்சாரல் கேட்கிறார்:

எல்லோருக்கும் வணக்கம். வெளியில் தேடிப் பார்த்தால் எல்லாமே இருபத்தைந்து வயதுப் பிள்ளைகள் முதுகுப்பையோடு ஓடின கதையாக இருக்கிறது. நம் மலைக்காரர்கள், அதுவும் எங்கள் வயதுக்காரர்கள் யாராவது போய் வந்திருந்தால் சொல்லுங்கள் என்றுதான் இங்கே எழுதுகிறேன்.

நாங்கள் குன்னூர், பெட்போர்டு பக்கம். மகன் லண்டனில் ஈஸ்ட் ஹாமில் இருக்கிறான், வேலை விசாவில். வரும் மே மாதம் நானும் வீட்டுக்காரரும் அங்கே போய்க் கொஞ்ச நாள் இருக்கலாம் என்று திட்டம். மகனுக்கு அப்போது லீவு கிடைக்காதாம். "உங்க ரெண்டு பேரையும் ஒரு டூர் குரூப்போட யூரோஸ்டார்ல பாரிஸுக்கு அனுப்பி வைக்கிறேன், காலையில போனா ராத்திரி சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வந்துடலாம்" என்கிறான். யூரோஸ்டார் என்பது லண்டனிலிருந்து கடலுக்கடிச் சுரங்கம் வழியாகப் பாரிஸ் போகும் ரயிலாம். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. மேட்டுப்பாளையம் போய்விட்டு வருவது மாதிரி சொல்கிறான்.

அவருக்கு வயது 67. முட்டி வலி உண்டு, பிரஷர் மாத்திரை எடுக்கிறார். சமதரையில் நடப்பார், படிக்கட்டு என்றால் முகம் மாறிவிடும். இருவரும் சுத்த சைவம், முட்டையும் கிடையாது. எனக்கு ஓரளவு ஆங்கிலம் வரும், அவருக்கு நன்றாகவே வரும். ஆனால் பிரெஞ்சுக்காரர்கள் ஆங்கிலத்துக்குப் பதில் சொல்லமாட்டார்கள் என்று யாரோ சொல்லி பயமுறுத்தி வைத்திருக்கிறார்கள்.

என் கவலைகள் இவைதான். ஒரு நாள் போய் வருவதற்கும் தனி விசா வேண்டுமா, லண்டன் போன பிறகு எடுத்துக்கொள்ளலாமா? வழிகாட்டி என்று போட்டிருக்கிறார்களே, அவர் உண்மையிலேயே கூட வருவாரா? சாப்பாட்டுக்கு என்ன செய்வது? கட்டுசாதம் கொண்டு போக விடுவார்களா? அப்புறம், கடலுக்கடியில் போகும்போது மூச்சு முட்டுமா? இதைக் கேட்டால் மகன் சிரிக்கிறான், அதனால்தான் இங்கே கேட்கிறேன். பர்லியார் தாண்டி வளைவு ஆரம்பித்ததுமே எலுமிச்சம்பழத்தை மோந்துகொண்டு வருகிற ஆள் நான்.

---

பழைய பிரேக்ஸ்மேன் சொல்கிறார்:

அம்மா, மற்ற விஷயங்களுக்கு வேறு யாராவது வருவார்கள். கடைசிக் கேள்விக்கு மட்டும் நான் பதில் சொல்கிறேன், அது என் தொழில். நம் மலை ரயிலில் பெட்டி வாசலில் கொடியைப் பிடித்துக்கொண்டு நின்று ஓய்வு பெற்றவன் நான். மகள் குடும்பம் இங்கிலாந்தில் இருப்பதால் யூரோஸ்டாரிலும் போயிருக்கிறேன்.

மூச்சு முட்டாது. சுரங்கத்தின் நீளம் சுமார் 50 கிலோமீட்டர், அதில் 38 கிலோமீட்டர் அளவுக்குக் கடலுக்குக் கீழே போகிறது. 1994 மே மாதம் திறந்தார்கள். ஒரே குழாய் என்று நினைக்காதீர்கள், மூன்று குழாய்கள். போக ஒன்று, வர ஒன்று, நடுவில் சின்னதாகப் பராமரிப்புக்கும் அவசரத்துக்கும் ஒன்று. 375 மீட்டருக்கு ஒரு இடத்தில் ரயில் போகும் குழாயிலிருந்து நடுக்குழாய்க்குக் குறுக்கு வழி வைத்திருக்கிறார்கள். ஏதாவது என்றால் ஆட்களை அந்த நடுக்குழாய்க்கு மாற்றிவிடலாம். நல்ல காற்று எப்போதும் அதில் கொஞ்சம் கூடுதல் அழுத்தத்தோடு இருக்கும், அதனால் புகை உள்ளே வராது. ரயில் ஓடும் இரண்டு குழாய்களுக்கும் நடுவே மேலே வளைவாகக் காற்றுக் குழாய்களும் உண்டு. ரயில் முன்னால் தள்ளிக்கொண்டு போகும் காற்று அதன் வழியாகப் பக்கத்துக் குழாய்க்குப் போய்விடும்.

தரையில் மணிக்கு 300 கிலோமீட்டர் வரை போகும் ரயில் சுரங்கத்துக்குள் 160-க்கு இறங்கிவிடும். இருபது நிமிடம், அவ்வளவுதான். காது லேசாக அடைக்கும், எச்சில் விழுங்கினால் போதும். நமக்குக் கல்லாறிலிருந்து குன்னூர் வருவதற்குள் அடைக்காத காதா? தலைசுற்றலுக்கும் வாய்ப்பில்லை. அதிவேகப் பாதையில் வளைவு என்பது கண்ணுக்கே தெரியாத அளவுக்குப் பெரிய வட்டம். நம் பாதை 46 கிலோமீட்டருக்குள் 208 வளைவு, ஏறி முடிக்கக் கிட்டத்தட்ட ஐந்து மணி நேரம். இரண்டையும் ஒரே பெயரால் ரயில் என்று சொல்வதே எனக்குக் கொஞ்சம் உறுத்தும்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன், போன பிறகு ஏமாறக்கூடாது. கடல் தெரியாது. மீனும் தெரியாது. வெளியே கும்மிருட்டு, கண்ணாடியில் உங்கள் முகம்தான் தெரியும். கடலின் அடித்தரைக்கும் கீழே, சுண்ணாம்புக் களிமண் அடுக்குக்குள் குடைந்த வழி அது. என் பேரன் சன்னலை விட்டு நகராமல் உட்கார்ந்திருந்து கடைசியில் அழுதேவிட்டான்.

---

கோத்தகிரி டீச்சர் சொல்கிறார்:

குன்னூர்ச்சாரல், நீங்கள் கேட்டிருக்கும் அதே பயணத்தை நானும் என் வீட்டுக்காரரும் செய்திருக்கிறோம். அதே மாதிரி மகள் பதிவு செய்து கொடுத்தது, அதே முட்டி வலி. அதனால் கொஞ்சம் நீளமாக எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில் விசா, ஏனென்றால் இங்கேதான் பலருக்குப் பயணம் குன்னூரை விட்டு இறங்குவதற்கு முன்பே நின்றுபோகிறது. ஒரு நாள் என்ன, ஒரு மணி நேரம் கால் வைத்தாலும் இந்தியக் கடவுச்சீட்டுக்கு ஷெங்கன் விசா, அதாவது பிரான்ஸும் சேர்ந்த ஐரோப்பிய நாடுகளின் பொது விசா, வேண்டும். பிரிட்டன் விசா அங்கே செல்லாது. லண்டன் போய் எடுத்துக்கொள்ளலாம் என்று நினைக்காதீர்கள். உங்கள் மகன் அங்கே வேலை விசாவில் வசிப்பவர், அவர் அங்கிருந்தே விண்ணப்பிக்கலாம். நீங்கள் பார்வையாளர்கள், நீங்கள் வசிக்கும் நாட்டிலிருந்துதான் விண்ணப்பிக்க வேண்டும் என்பது பொது விதி. ஆகவே இங்கேயே, சென்னை மையத்துக்குப் போய்க் கைரேகை கொடுத்து எடுத்துவிடுங்கள்.

இரண்டு விசாவுக்கும் ஒரே கடவுச்சீட்டைத்தான் கொடுக்க வேண்டும் என்பதை மறக்காதீர்கள். முதலில் பிரிட்டன் விசா, அது கைக்கு வந்த பிறகு ஷெங்கன். ஷெங்கனுக்குப் பயணத்துக்கு ஆறு மாதம் முன்பிருந்து விண்ணப்பிக்கலாம், கடைசி எல்லை 15 நாள். சாதாரணமாக 15 நாளில் முடிவு சொல்வார்கள், சில சமயம் 45 நாள்கூட இழுக்கும். மே மாதம் என்றால் எல்லோரும் கோடை விடுமுறைக்குக் கிளம்பும் நேரம், ஆகவே பிப்ரவரியிலேயே வேலையை ஆரம்பித்துவிடுங்கள். பெரியவர்களுக்குக் கட்டணம் 2024 ஜூனிலிருந்து 90 யூரோ, மையத்தின் சேவைக் கட்டணம் தனி. 30,000 யூரோவுக்குக் குறையாத மருத்துவக் காப்பீடும் கேட்பார்கள். ஒரு நாள் பயணத்துக்கு இருவருக்கும் விசாச் செலவே இவ்வளவு ஆகிறதே என்று என் வீட்டுக்காரர் முணுமுணுத்துக்கொண்டே இருந்தார். நியாயம்தான். அதை முன்கூட்டியே தெரிந்துகொண்டு முடிவெடுங்கள்.

விண்ணப்பத்தில் ஒரே ஒரு நாள் மட்டும் என்று போடாதீர்கள். முன்னும் பின்னும் கொஞ்ச நாள் சேர்த்துக் கேளுங்கள். சாயங்கால ரயில் ரத்தாகிவிட்டால் ராத்திரி அங்கேயே தங்கும்படி ஆகும். அன்றைக்கே விசா முடிகிறது என்றால் யாருக்குத் தலைவலி? அதே காரணத்துக்காக பிரஷர் மாத்திரையையும் மறுநாளுக்குச் சேர்த்துக் கைப்பையில் வைத்துக்கொள்ளுங்கள். பிரிட்டனின் சாதாரணப் பார்வையாளர் விசாவில் பல முறை நுழைய அனுமதி இருக்கும், இருந்தாலும் ஒரு முறை கண்ணால் பார்த்து உறுதி செய்துகொள்ளுங்கள். திரும்பி வருவதும் ஒரு எல்லையைக் கடப்பதுதானே.

அடுத்து வழிகாட்டி. விளம்பரத்தில் எல்லாம் ஒன்றுபோலத் தெரிந்தாலும் உள்ளே மூன்று விதம் இருக்கிறது. ஒன்றில், வழிகாட்டி லண்டன் செயின்ட் பாங்க்ரஸ் நிலையத்திலேயே உங்களைச் சந்தித்து, ரயிலில் கூடவே வந்து, ராத்திரி அங்கேயே கொண்டுவந்து விடுவார். இன்னொன்றில், ரயில் டிக்கெட்டை மின்னஞ்சலில் அனுப்பிவிடுவார்கள், நீங்களே எல்லை தாண்டிப் போய் பாரிஸ் கார் து நோர் நிலையத்தில் பலகை பிடித்துக்கொண்டு நிற்பவரைக் கண்டுபிடிக்க வேண்டும். மூன்றாவதில் வழிகாட்டியே கிடையாது, ரயில் டிக்கெட், ஏறி இறங்கும் பேருந்துக்கு ஒரு சீட்டு, படகுக்கு ஒரு சீட்டு, அவ்வளவுதான். மகனிடம் சொல்லி, முதல் வகைதானா என்று எழுத்தில் கேட்டு வாங்கச் சொல்லுங்கள். நாங்கள் முதல் வகையில் போனோம். எங்கள் பெட்டியிலேயே இரண்டாவது வகையில் வந்திருந்த ஒரு குஜராத்தித் தம்பதி, பாரிஸில் இறங்கி நடைமேடைக் கூட்டத்தில் யாரைத் தேடுவது என்று தெரியாமல் விழித்தார்கள். எங்கள் வழிகாட்டிப் பெண்தான் அவர்களுக்காகப் போன் போட்டுக் கொடுத்தார்.

காலையில் நடப்பதைச் சொல்கிறேன். செயின்ட் பாங்க்ரஸில் ரயில் ஏறுவது விமானம் ஏறுவது மாதிரிதான். புறப்படுவதற்கு முப்பது நிமிடம் முன்பு கேட்டை மூடிவிடுவார்கள், அதற்குப் பிறகு கெஞ்சினாலும் பலனில்லை. ஒன்றேகால், ஒன்றரை மணி நேரம் முன்பே வரச் சொல்வார்கள். பையை எக்ஸ்ரேயில் விட்டு, பிரிட்டன் பக்கம் தாண்டி, பிரெஞ்சு எல்லைக் காவலரிடம் லண்டனிலேயே கடவுச்சீட்டைக் காட்ட வேண்டும். ஆமாம், லண்டன் நிலையத்துக்குள்ளேயே பிரான்ஸின் எல்லை. அதனால் பாரிஸில் இறங்கினால் நேராக வெளியே நடக்கலாம். திரும்பும்போதும் இதே கதை, இரண்டு நாட்டுச் சோதனையையும் பாரிஸிலேயே முடித்துவிடுவார்கள், லண்டனில் இறங்கினால் வீடுதான். நாங்கள் போனபோது முத்திரை குத்தினார்கள். 2025 அக்டோபர் 12 முதல் ஐரோப்பாவில் புது முறை தொடங்கியிருக்கிறது, முத்திரைக்குப் பதில் முகப்படமும் கைரேகையும் கணினியில். முதல் தடவை பதிவதற்குக் கொஞ்சம் கூடுதல் நேரம் ஆகும், அதையும் கணக்கில் வையுங்கள்.

ரயில் காலை 7 மணி வாக்கில் என்றால் ஐந்தரைக்கெல்லாம் அங்கே நிற்க வேண்டும். ஈஸ்ட் ஹாமிலிருந்து ஹாமர்ஸ்மித் அண்ட் சிட்டி வழித்தடம் மாறாமல் கிங்ஸ் கிராஸ் செயின்ட் பாங்க்ரஸுக்கே வரும், ஆனால் அந்த நேரத்துக்கு முதல் வண்டி ஒத்துவருமா என்று மகனைப் பார்க்கச் சொல்லுங்கள். ஞாயிற்றுக்கிழமை நிச்சயம் ஒத்துவராது, அன்றைக்கு பாதாள ரயில் தாமதமாகத்தான் ஆரம்பிக்கும். டாக்ஸிக்குக் காசு எடுத்து வையுங்கள்.

இப்போது, யாரும் விளம்பரத்தில் சொல்லாத கணக்கு. ரயில் பயணம் இரண்டேகால் மணி நேரத்துக்கு மேல் கொஞ்சம். ஆனால் பிரான்ஸ் கடிகாரம் ஒரு மணி நேரம் முன்னால் ஓடுகிறது. 7 மணிக்குக் கிளம்பினால் இறங்கும்போது அங்கே பத்தேகால், பத்தரை. சாயங்காலம் 7 மணி வாக்கில் திரும்பும் ரயில் என்றால், சோதனைக்காக ஐந்தரைக்கே நிலையத்துக்கு வந்துவிட வேண்டும். ஆக, பாரிஸ் உங்கள் கையில் இருப்பது ஏழு மணி நேரம். அதில் பேருந்தில் உட்கார்ந்து போக்குவரத்து நெரிசலில் கழிவதைக் கழித்துப் பாருங்கள். மே மாத ஊட்டியில் சேரிங் கிராஸைத் தாண்டின அனுபவம் நமக்கு இருக்கிறது, விளக்க வேண்டியதில்லை.

அந்த ஏழு மணி நேரத்தில் எங்களுக்கு நடந்தது: நகரத்தைப் பேருந்தில் ஒரு சுற்று, சன்னல் வழியாக ஓபரா, கான்கோர்ட் சதுக்கம், வெற்றி வளைவு. படம் எடுக்க ஒரே இடத்தில் நிறுத்தினார்கள். பிறகு ஈபிள் கோபுரம். 1889 கண்காட்சிக்காகக் கட்டினது, இப்போது 330 மீட்டர் உயரம். எங்கள் டிக்கெட் இரண்டாவது தளம் வரை, லிப்டில். முன்பதிவு இருந்தாலும் கீழே பாதுகாப்புச் சோதனை வரிசை, லிப்டுக்கு ஒரு வரிசை, மேலிருந்து இறங்க ஒரு வரிசை என்று மூன்று இருக்கிறது. உட்கார இடம் அதிகமில்லை. என் வீட்டுக்காரர் மேலே போய்ச் சேர்ந்ததும் கேட்ட முதல் கேள்வி, "பெஞ்ச் எங்கே?" தொட்டபெட்டாவிலும் இதைத்தான் கேட்பார். காட்சி அருமை, மறுக்கவில்லை. ஆனால் முட்டி வலிக்காரருக்கு அந்த இரண்டு மணி நேரம் வீண் என்பது என் அபிப்பிராயம். கோபுரம் ஏறுவதை விலக்கி, படகு மட்டும் உள்ள திட்டம் கிடைத்தால் அதை எடுங்கள். சேன் நதியில் படகு ஒரு மணி நேரம், உட்கார்ந்தபடியே லூவ்ர் அருங்காட்சியகம், நோத்ர தாம் தேவாலயம், ஈபிள் எல்லாம் தெரியும். படகில்தான் அவர் முகத்தில் சிரிப்பையே பார்த்தேன்.

சாப்பாடு. "சைவம் உண்டு" என்று போட்டிருந்தார்கள். வந்தது முட்டையும் பாலாடைக்கட்டியும் வைத்துச் சுட்ட ஒரு பணியாரம், பக்கத்தில் நான்கு இலை. முட்டை சாப்பிடமாட்டோம் என்றதும் பரிமாறின பையன் மிகவும் வருத்தப்பட்டு இன்னும் நான்கு இலை கொண்டுவந்து வைத்தான். ஆகவே மதிய உணவு இல்லாத திட்டத்தை எடுத்து, கட்டுசாதம் கொண்டு போங்கள். ஆனால் கவனம்: பிரிட்டன் இப்போது ஐரோப்பிய ஒன்றியத்தில் இல்லை என்பதால், அங்கிருந்து பிரான்ஸுக்குள் பால், தயிர், நெய், இறைச்சி எதுவும் கொண்டுபோகக்கூடாது. தயிர்சாதம் போச்சு. புளியோதரை, எலுமிச்சை சாதம் செய்துகொள்ளுங்கள். வாழைப்பழத்துக்குத் தடையில்லை, மற்றப் பழங்கள் பெரும்பாலும் கூடாது. பிஸ்கட், பிரெட் வகைக்கும் தடையில்லை, ஆகவே நம் வர்க்கி போகலாம். பிளாஸ்கில் பால் டீ கொண்டுபோனால் பாரிஸ் வருவதற்குள் குடித்து முடித்துவிடுங்கள். விமானத்தில் போல தண்ணீர் பாட்டிலைப் பிடுங்கும் வழக்கம் இந்த ரயிலில் இல்லை.

ஆங்கிலத்துக்குப் பதில் சொல்லமாட்டார்கள் என்பது வெறும் பேச்சு. முதலில் "போன்ஷூர்" என்று வணக்கம் சொல்லிவிட்டுக் கேளுங்கள். வணக்கம் சொல்லாமல் கேள்வி கேட்டால்தான் முகம் சுளிக்கிறார்கள், நம் ஊரிலும் பெரியவர்கள் அப்படித்தானே.

---

லவ்டேல் லெவல்கிராஸிங் சொல்கிறார்:

டீச்சர் சொன்னதை எல்லாம் படித்தேன். எனக்கு ஒன்றுதான் தோன்றுகிறது: இவ்வளவு பாடுபட்டு ஏழு மணி நேரம் பார்ப்பதற்கு எதற்கு டூர்? அவர்களுக்குத்தான் ஆங்கிலம் வருகிறதே. டிக்கெட்டைத் தனியாக எடுத்துக்கொண்டு போகலாம். கார் து நோரிலிருந்து ஆர்.இ.ஆர். என்கிற நகர ரயிலின் பி வழித்தடத்தில் இரண்டாவது நிறுத்தம் சான் மிஷேல், வெளியே வந்தால் நோத்ர தாம் எதிரே நிற்கிறது. 2019-இல் தீப்பிடித்த கோயில், 2024 டிசம்பரில் மறுபடி திறந்துவிட்டார்கள். உள்ளே போகக் காசு கிடையாது. அங்கேயே கரையோரம் உட்கார்ந்துவிட்டு வந்தால் போதும். பேருந்தில் ஆட்டுமந்தை மாதிரி ஏற்றி இறக்குவதற்கு நான் காசு கொடுக்கமாட்டேன்.

இல்லையென்றால் பாரிஸே வேண்டாம், பிரான்ஸின் வடக்கே இருக்கும் லீல் போங்கள். அதே ரயில் பாதை, லண்டனிலிருந்து ஒன்றரை மணி நேரத்துக்குள். சின்ன ஊர், பழைய சதுக்கம், நிலையத்திலிருந்து நடந்தே போகலாம். கூட்டமும் குறைவு, ஓட்டமும் குறைவு.

---

கோத்தகிரி டீச்சர் சொல்கிறார்:

லவ்டேல், உங்கள் கால்களுக்கு அது சரி. சான் மிஷேல் நிலையத்தின் படிகளை நீங்கள் மறந்துவிட்டீர்கள். பாரிஸ் மெட்ரோவில் பெரும்பாலான பழைய நிலையங்களில் லிப்ட் கிடையாது, பை அடிக்கும் கூட்டமும் அந்தத் தடங்களில்தான் அதிகம். நான் டூருக்குக் காசு கொடுத்தது பாரிஸைக் காட்டுவதற்காக அல்ல. அதிகாலை ஐந்தரை மணிக்கு எந்த வரிசை என்று சொல்வதற்கும், சாயங்காலம் களைத்துப்போயிருக்கும்போது நேரத்துக்கு நிலையத்தில் கொண்டுசேர்ப்பதற்கும்தான். ரயில் தவறினால் புது டிக்கெட்டின் விலை என்ன தெரியுமா? அதற்கு அந்த மந்தைமணி ஓசை பரவாயில்லை.

லீல் யோசனை நல்லது, அதை மறுக்கவில்லை. ஆனால் ஊர் திரும்பி "பாரிஸ் பார்த்தீங்களா?" என்று கேட்பவர்களுக்கு லீல் என்று பதில் சொல்லிப் பாருங்கள்!

---

பந்தலூர் தோட்டம் சொல்கிறார்:

நடுவில் வருவதற்கு மன்னிக்கவும். நாங்கள் சாஸ்திரி ஒப்பந்தத்தில் இலங்கையிலிருந்து வந்த குடும்பம், அப்பா டான்டீ என்கிற அரசுத் தேயிலைத் தோட்டத்தில் வேலை பார்த்தவர். சொந்தத்தில் சிலர் அந்தக் காலத்திலேயே பாரிஸ் போய்விட்டார்கள். சாப்பாட்டுக் கவலைக்கு நான் பதில் சொல்கிறேன்.

நீங்கள் இறங்கும் அதே கார் து நோர் நிலையத்துக்குப் பின்பக்கம்தான் லா ஷப்பெல். நிலையத்தை ஒட்டிப் போகும் ரூ து ஃபோபூர் சான் தெனி தெருவில் வடக்கே நடந்தால் பத்து நிமிடத்துக்குள் கடைப் பெயர்ப்பலகை எல்லாம் தமிழில் மாறிவிடும். யாழ்ப்பாணத்து மக்கள் கடைகள்தான் பெரும்பாலும், அதனால் அங்கே குட்டி யாழ்ப்பாணம் என்று பெயர். இடியாப்பம், சொதி, தோசை, வடை, மரவள்ளிக்கிழங்கு, முருங்கைக்காய், எதுவும் கிடைக்கும். சைவம் மட்டும் போடும் கடையும் உண்டு. முட்டை கலக்காமல் என்று தமிழிலேயே சொல்லலாம், வணக்கத்துக்குக்கூட போன்ஷூர் தேவையில்லை. பக்கத்திலேயே ரூ பஜோலில் மாணிக்க விநாயகர் ஆலயம் இருக்கிறது. கோடை முடிவில் தேர் இழுப்பார்கள், தெருவெல்லாம் தேங்காய் உடைத்து மலையாகக் குவிந்துவிடும். மே மாதத்தில் தேர் இருக்காது, கோயில் நடை திறந்திருக்கும் நேரம் மட்டும் பார்த்துக்கொண்டு போங்கள்.

டூர்காரர்கள் யாரும் அங்கே கூட்டிப்போகமாட்டார்கள். ஆனால் சில குழுக்களை நாலரை மணிக்கே நிலையத்தில் விட்டுவிடுவார்கள், ரயிலுக்கு நேரம் இருக்கும். வழிகாட்டியிடம் சொல்லிவிட்டுப் போய் ஒரு காபி குடித்து, ராத்திரிக்கு இரண்டு பொட்டலம் கட்டிக்கொண்டு திரும்பலாம். பொட்டலத்தில் தயிர், பன்னீர் வேண்டாம். பிரிட்டனும் 2025 ஏப்ரலிலிருந்து ஐரோப்பாவின் பால் பொருளைத் தனி ஆட்கள் கொண்டுவரத் தடை போட்டிருக்கிறது. மகனுக்குப் பிரெஞ்சு பாலாடைக்கட்டி வாங்கிப் போகலாம் என்று நினைத்தால் அதையும் விட்டுவிடுங்கள்.

அந்தத் தெருவில் கைப்பையை முன்னால் போட்டுக்கொள்ளுங்கள். நல்ல இடம்தான், ஆனால் நிலையத்தைச் சுற்றி எப்போதும் நெரிசல்.

---

குன்னூர்ச்சாரல் சொல்கிறார்:

இவ்வளவு விவரமாக யாரும் சொல்வார்கள் என்று எதிர்பார்க்கவில்லை. டீச்சரக்கா எழுதினதை வீட்டுக்காரருக்குப் படித்துக் காட்டினேன். "பெஞ்ச் எங்கே" என்ற இடத்தில் பலமாகச் சிரித்தார். அப்புறம் விசாச் செலவு வரி வந்ததும் சிரிப்பு நின்றுவிட்டது.

மகனிடமும் பேசினேன். அவன் பார்த்து வைத்திருந்தது டீச்சரக்கா சொன்ன இரண்டாவது வகை, பாரிஸில் போய்த்தான் வழிகாட்டியைப் பார்க்க வேண்டும். மாற்றச் சொல்லிவிட்டேன். லண்டனிலிருந்தே கூட வருகிற, படகு மட்டும் உள்ள திட்டம் ஒன்று தேடுகிறான், விலை கொஞ்சம் கூடுதல். பழைய பிரேக்ஸ்மேன் ஐயா, கடல் தெரியாது என்று சொன்னதற்கு நன்றி, நான் உண்மையிலேயே கண்ணாடிச் சுவர் இருக்கும் என்று நினைத்திருந்தேன்.

இன்னும் இரண்டு சின்னக் கேள்விகள். எந்தக் கிழமை போவது நல்லது? அப்புறம், ரயிலில் பின்னோக்கி உட்கார வைத்துவிடுவார்களா? எனக்கு அது ஒத்துக்கொள்ளாது.

---

பழைய பிரேக்ஸ்மேன் சொல்கிறார்:

பாதி இருக்கை முன்னோக்கி, பாதி பின்னோக்கி. இருக்கைகளைத் திருப்ப முடியாது. டிக்கெட் எடுக்கும்போது இருக்கை வரைபடம் காட்டும், மகனைப் பார்த்து எடுக்கச் சொல்லுங்கள். டூர் வழியாக என்றால் அவர்கள் மொத்தமாகப் பதிவு செய்வார்கள், எது வரும் என்று சொல்ல முடியாது. ஆனால் குழுவில் யாராவது மாற்றிக்கொள்வார்கள். இந்த வண்டி குலுங்காது, நீங்கள் பின்னோக்கி உட்கார்ந்தாலும் பெரிதாகத் தெரியாது. சில பெட்டிகளில் நடுவில் மேசை போட்ட நான்கு இருக்கைகள் இருக்கும், கால் நீட்ட இடம் குறைவு, முட்டி வலிக்காரருக்கு அது வேண்டாம். வண்டி 400 மீட்டர் நீளம், உங்கள் பெட்டி எந்தக் கோடியில் என்று பார்த்துக்கொண்டு நடையைத் தொடங்குங்கள். நடக்க முடியாது என்றால் நிலைய உதவிக்கு முன்கூட்டியே பதிவு செய்யலாம், சக்கர நாற்காலியோடு வந்து அழைத்துப் போவார்கள்.

---

கோத்தகிரி டீச்சர் சொல்கிறார்:

கிழமை: ஞாயிறு வேண்டாம், காரணம் மேலே சொல்லிவிட்டேன். வெள்ளி சாயங்காலம் திரும்பும் ரயில்களில் கூட்டம் நெருக்கும். லூவ்ர் உள்ளே போவதாக எண்ணம் இருந்தால் செவ்வாய் வேண்டாம், அன்று விடுமுறை. உங்களுக்கு அந்த எண்ணம் இருக்கக்கூடாது என்பது வேறு விஷயம், ஏழு மணி நேரத்தில் லூவ்ர் ஆகாது. புதன் அல்லது வியாழன் பாருங்கள். மே 1 பிரான்ஸில் தொழிலாளர் தினம், பல கடைகள் மூடியிருக்கும். மே 8-உம் அங்கே விடுமுறை. அந்த இரண்டு தேதியையும் தவிர்த்துப் பதிவு செய்யச் சொல்லுங்கள்.

ஸ்வெட்டர் பற்றி நீங்கள் கேட்கவில்லை, குன்னூர்க்காரருக்கு அது தேவையும் இல்லை. ஆனால் குடை ஒன்று வைத்துக்கொள்ளுங்கள், படகின் மேல்தளத்துக்குக் கூரை கிடையாது.